ராஜம் சொன்ன ‘மதி’

ஜூன் பத்தாம் தேதி, செவ்வாய்க்கிழமை. காலையில் வழக்கம்போல் எழுதி, துணி உலர்த்தி, பிற்பகல் மூன்று மணிக்கு வாசிப்பு அறைக்குப் போனேன். பொறியாளர் வேலையை விட்டு எழுத்தாளரான பின், புத்தக வருமானத்தில் பாறசாலைப் பெண்களுக்காக நான் கட்டிய அறை அது.

அன்று என் புதிய கதையை அவர்களுக்கு வாசித்தேன். அவர்களுக்குப் பிடிக்காவிட்டால் அச்சுக்கு அனுப்புவதில்லை என்று முடிவு செய்திருந்தேன். கதையில் வரும் பெண் வீட்டை விட்டு ரயில் நிலையத்துக்கு வந்து நிற்கும் இடத்தில், முன்னால் இருந்த ராஜம், "மதி, மதி" என்றாள். எங்கள் பக்கத்தில் மதி என்றால் ‘போதும்’ என்று அர்த்தம். தாள்களை மடித்துப் பைக்குள் வைத்தேன். நான் கட்டிய பாலங்கள் நிற்குமா என்று ஒருநாளும் இப்படிப் பயந்ததில்லை.

"என்னக்கா நிறுத்தியாச்சு? அவ ரயில்ல ஏறினாளா, இல்லியா?" என்றாள் ராஜம்.

"நீதானே மதின்னு சொன்னே?"

"அய்ய! அது சாயா ஊத்துன கமலத்துகிட்ட சொன்னதாக்கும். உங்க கதையெ ஆரு மதின்னு சொன்னா?"

எல்லோரும் சிரித்தார்கள். நானும்தான். அதற்குள் நெய்யாற்றின்கரை பஸ் வந்துவிட, ராஜம் ஓடிவிட்டாள்.

எனக்குள் இருந்த பயம்தான் அந்தச் சொல்லை எட்டிப் பிடித்துக்கொண்டது என்று வீட்டுக்கு நடக்கும்போது நினைத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை, சாயா போடுவதற்கு முன்பே ராஜத்துக்கு ஃபோன் செய்து, மீதிக் கதையை வாசித்து, அந்தப் பெண்ணை ரயிலில் ஏற்றிவிட்டேன்.