மாமனாருக்குச் சிரிக்கப் போனோம்

மயிலாப்பூரில் எங்கள் அடுக்ககத்தின் இரண்டாம் மாடியில் ஒரு நடிகர் இருக்கிறார். நடிகர் என்றதும் வாசலில் கூட்டம் நிற்கும் என்று நினைக்க வேண்டாம். சபா நாடகங்களில் தபால்காரராகவோ கல்யாணத் தரகராகவோ இரண்டாம் காட்சியில் வந்து, மூன்றாம் காட்சிக்குள் போய்விடுகிறவர். அவருக்கு ஐம்பத்தெட்டு வயதில், அதாவது அரசாங்கம் எங்களை வீட்டுக்கு அனுப்பிய வயதில், ஒரு வேலை கிடைத்தது. தமிழ்நாடே மனப்பாடமாக வைத்திருக்கும் ஒரு பழைய நகைச்சுவைப் படத்தை வாரத் தொடராக எடுக்க ஒரு தொலைக்காட்சி முடிவு செய்து, மாமனார் வேடத்தை அவருக்குக் கொடுத்தது.

இரண்டு நாளில் போய்விடுவேன் என்று ஒரு பெட்டியோடு மகள் வீட்டுக்கு வந்து, கிளம்பவே கிளம்பாத மாமனார். படத்தில் அந்த வேடத்தைப் போட்டவர் காலமாகிப் பல வருஷம் ஆகிறது. குரல் மட்டும் இன்னும் ஆட்டோவிலும் செல்பேசியிலும் சம்பளமில்லாமல் வேலை பார்த்துக்கொண்டிருக்கிறது.

அடுக்ககத்தில் எந்தக் காகிதம் வந்தாலும் என்னிடம் காட்டிவிடுவது வழக்கம். கணக்குத் தணிக்கைத் துறையில் இருந்தவனுக்கு ஓய்வு கிடையாது என்பது இவர்கள் எண்ணம். நடிகர் தன் ஒப்பந்தத்தைக் கொண்டுவந்தார். மூன்றாவது பகுதியை எடுத்து முடித்ததும், திருப்தி இல்லையென்றால் ஆளை மாற்றிக்கொள்ளலாம் என்று அதில் இருந்தது.

"இது தகுதிகாண் பருவம். எங்களுக்கெல்லாம் ரெண்டு வருஷம். உமக்கு மூணு வாரம்" என்றேன்.

"ரெண்டு ஆயிடுத்து சார். யாருக்கும் சிரிப்பு வரலையாம். நாளைக்கு எடுக்கறதுக்கு எதிர்க்க ஜனங்களை உட்கார வைக்கப் போறா. நம்ம ஃபிளாட்ஸ்லேர்ந்து ஆள் அழைச்சுண்டு வரச் சொல்லியிருக்கா. நீங்க அவசியம் வரணும்."

"நான் அந்தப் படத்தையே பார்த்ததில்லையே."

வாக்காளர் அட்டை இல்லாதவனைப் பார்ப்பதுபோல் பார்த்தார். படம் ஓடிய நாளில் நான் மாவட்டம் மாவட்டமாகத் தணிக்கைக்கு அலைந்துகொண்டிருந்தேன். பிறகு ஒவ்வொரு பண்டிகைக்கும் அதைத் தொலைக்காட்சியில் போடும்போது எனக்கு மத்தியானத் தூக்க நேரம்.

"பார்க்காட்டா என்ன, சிரிக்கத் தெரியுமோல்லியோ?" என்றார்.

"அதுதான் சந்தேகம்" என்றாள் என் மனைவி, உள்ளேயிருந்து.

மறுநாள் ஒரு வேன் நிறைய ஏறினோம். பெண்கள் பட்டுப்புடவையில் வந்திருந்தார்கள், சிரிப்பைத் தவிர வேறெதையும் பதிவு செய்யப் போவதில்லை என்று தெரிந்தும். அடையாறு பாலத்தைத் தாண்டுவதற்குள் டிபன் பொட்டலங்கள் காலி. கிண்டி தொழிற்பேட்டையில் ஒரு பழைய கொட்டகைக்குள் கூடமும் வாசலும் அமைத்திருந்தார்கள். சுவர் அட்டைதான், ஆனால் பெட்டி நிஜம். நிலையத்து அதிகாரியான ஓர் அம்மையார் முன்வரிசையில் செல்பேசியைப் பார்த்தபடி இருந்தார். அவர் நிமிர்ந்து பார்ப்பதில்தான் எங்கள் நடிகரின் பிழைப்பு இருந்தது.

எடுத்தது படத்தில் பேர்போன காட்சி. மாமனாருக்குச் சாடையாகச் சொல்வதற்காக மாப்பிள்ளை பெட்டியைக் கொண்டுபோய் வாசற்படி அருகில் வைக்கிறான். மாமனார் நாற்காலியை அங்கேயே இழுத்துப்போட்டு, பெட்டிமேல் காலை நீட்டிக்கொண்டு, "இந்தப் பெட்டி நல்ல உசரம் மாப்பிள்ளே" என்கிறார்.

அவர் நாற்காலியைத் தொட்டதுமே எங்கள் ஆட்கள் சிரித்துவிட்டார்கள். கால் பெட்டிமேல் போகும்போது வசனத்தை எல்லாருமாகச் சேர்ந்து சொல்லியும்விட்டார்கள். நடிகர் வாயைத் திறந்தபோது அவருக்கென்று ஒன்றும் மிச்சமில்லை.

தளத்தைக் கவனித்துக்கொண்டிருந்தவர் தலையில் கைவைத்தார். "இன்னா சார் இது, அவரு பேசறதுக்கு முன்னாடியே சிரிச்சிக்கினு கீறீங்க! கொஞ்சம் பொறுங்க நைனா, அவரும் பாவம் இல்ல?"

நான் எழுந்து ஒரு நடைமுறை சொன்னேன். வசனம் முடிந்ததும் தளத்துக்காரர் கையைத் தூக்குவார். தூக்கும்வரை யாரும் சிரிக்கக் கூடாது. எல்லாரும் பயபக்தியோடு கேட்டுக்கொண்டார்கள். அடுத்த தடவை வசனம் முடிந்தது, கை உயர்ந்தது, உயர்ந்துவிட்டதா என்று ஒருவரை ஒருவர் பார்த்து உறுதி செய்துகொண்டார்கள், அப்புறம் சிரித்தார்கள். சுற்றறிக்கைக்குப் பதில் அனுப்புவதுபோல் இருந்தது. அம்மையார் பக்கத்திலிருந்தவரிடம், "வேற யாராவது ஃப்ரீயா இருக்காங்களான்னு பாருங்க" என்றார். எல்லா நாற்காலிக்கும் கேட்கும்படிதான் சொன்னார். நடிகர் பெட்டிமேல் வைத்த காலை எடுக்கவில்லை.

மூன்றாவது தடவை அவர் அந்த வசனத்தைச் சொல்லவே இல்லை. கொட்டகை காத்திருந்தது. அவர் நிதானமாகக் காலை இறக்கி, குனிந்து பெட்டியைத் திறந்து, உள்ளேயிருந்து ஒரு வேட்டியை எடுத்து உதறினார். "வாசல்ல வெச்சது நல்லதாப் போச்சு மாப்பிள்ளே, இங்க நல்ல காத்து. இன்னும் ஈரமாத்தான் இருக்கு, கொடியில போட்டுடுங்கோ" என்று நீட்டினார். மாப்பிள்ளையாக நடித்தவன், என்ன செய்வதென்று தெரியாமல், நிஜமாகவே வாங்கிக்கொண்டான்.

கை உயரவில்லை. எல்லாரும் இன்னும் பழைய வசனத்துக்காகக் காத்திருந்தார்கள். அந்த நிசப்தத்தில் ஒரே ஒரு ஆள் சிரித்தது கேட்டது. வயிற்றிலிருந்து கிளம்பி இருமலில் முடிந்த சிரிப்பு. என் மனைவி திரும்பிப் பார்த்தபோதுதான் அது நான் என்று தெரிந்தது. விதியை வகுத்தவனே மீறியதற்கு விதியில் இடமில்லை. அம்மையார் நிமிர்ந்து பார்த்தார், என்னை.

நான்கு நாள் கழித்து நடிகர் மைசூர்பாகு டப்பாவோடு வந்தார். வேலை நிலைத்துவிட்டது. ஒரே நிபந்தனை, வாரம் தவறாமல் பழைய வசனத்தைச் சொல்லியாக வேண்டும். ஜனங்கள் அதற்காகத்தான் பார்க்கிறார்களாம்.

அந்தப் பகுதி ஒளிபரப்பானபோது அவர் வீட்டுக் கூடத்தில் பாதி அடுக்ககம் இருந்தது. திரையில் அவர் பெட்டிமேல் காலை வைத்தார். "இந்தப் பெட்டி நல்ல உசரம் மாப்பிள்ளே" என்றார். உடனே, வயிற்றிலிருந்து கிளம்பி இருமலில் முடியும் அந்தச் சிரிப்பு வந்தது. காட்சி அதோடு முடிந்தது. வேட்டியே வரவில்லை.

"ஆத்துல ஒரு நாள் இப்படிச் சிரிச்சதுண்டா?" என்று என் மனைவி எல்லாருக்கும் பொதுவாகக் கேட்டாள். கூடம் கொல்லென்று சிரித்தது.

நடிகர் மட்டும் சிரிக்கவில்லை. என் பக்கம் சாய்ந்து, மெல்லிய குரலில், "சார், அந்தச் சிரிப்பு என் வேட்டிக்கு வந்தது" என்றார்.

"ஆமாம். தப்பான ஃபைல்ல சேர்த்துட்டா."

"அப்பீல் உண்டா?"

"பதவியில இருக்கறவர் அப்பீல் பண்ணக் கூடாது" என்றேன். தலையை ஆட்டிக்கொண்டு, விளம்பரம் முடிவதற்குள் காபி கலக்க உள்ளே போனார்.