அச்சா சொன்ன ‘நோ’

என் மாமனார் அச்சுதன்குட்டி கதை சொல்ல ஆரம்பித்தால், அதில் எது நடந்தது, எது நடித்தது என்று கண்டுபிடிப்பதற்குள் எனக்குத் தலை சுற்றிவிடும். பாலக்காட்டு நாடக நடிகர். நான் பொள்ளாச்சிக்காரி. கணவர் சேதுவைப் போலவே நானும் அவரை அச்சா என்றுதான் கூப்பிடுவேன்.

1998இல், அமெரிக்காவில் எங்கள் பிஸ்கட்டவே வீட்டில், அவருடைய சிட்டிசன்ஷிப் ஃபாரத்தை நிரப்பும் வேலை என் தலையில் விழுந்தது. சேது டெக்சஸில் புராஜெக்ட்டில் இருந்தார். சிட்டிசன் ஆனால்தான் அச்சாவின் இதய ஆபரேஷனுக்கு அரசு உதவி கிடைக்கும் என்றார்கள். ஃபாரத்தில் ஒரு கேள்வி: எப்போதாவது கைதானதுண்டா?

"உண்டு மோளே! நாற்பத்திரண்டுல. மேடையில வச்சு."

"மேடையிலயா? அப்ப அது டிராமாதானே அச்சா?"

"டிராமாதான். போலீஸ் ஒரிஜினல்."

கொடி பிடித்த இளைஞனைக் கைது செய்யும் காட்சியாம். வெள்ளைக்காரனின் போலீஸ் நிஜமாகவே மேடையேறியிருக்கிறது. இவரோ கூட நடிப்பவர்கள் என்று நினைத்து வசனம் முழுவதையும் பேசி முடித்தாராம். ஜனங்கள் கைதட்டினார்களாம். மூன்று மாதம் ஜெயில். சுதந்திரத்துக்குப் பிறகு அந்தக் கைதையே நாடகமாக்கி ஊர் ஊராகப் போட்டாராம். இப்போது இவர் சொல்வது எந்தக் கைதை? ஐயோ, எனக்குப் பைத்தியம் பிடிக்காத குறை.

சேதுவுக்கு போன் போட்டேன். "எல்லாம் டிராமான்னு விட்டுடு பவளம். எஸ்னு போட்டா கோர்ட் ரெக்கார்ட் கேப்பான். அந்தக் காலத்துப் பேப்பருக்கு எங்க போறது? அப்ளிகேஷனே ரிஜெக்ட் ஆயிடும்."

நான் ஒரு பயந்தாங்கொள்ளி. ‘நோ’வில் டிக் அடித்தேன். அச்சாவையும் உட்கார வைத்து ஒரு வாரம் ஒத்திகை பார்த்தேன். அவரும் நான் சொன்னபடியே சொல்லிப் பழகினார்.

காது மந்தம் என்பதால் இன்டர்வியூவுக்கு என்னையும் உள்ளே விட்டார்கள். அந்தக் கேள்வி வந்ததும் அச்சா என்னைப் பார்த்தார். பிறகு, "நோ" என்றார். கடைசி வரிசைக்கும் கேட்கும்படி கணீரென்று. அதிகாரி எழுந்து கைகுலுக்கினார்.

"நடிகர்னா நடிகர்தான் அச்சா! கலக்கிட்டீங்க," என்று பார்க்கிங்கில் நான் சிரித்தேன். வெட்கங்கெட்ட சிரிப்பு.

அவர் சீட் பெல்ட் போடாமலே உட்கார்ந்திருந்தார்.

"மோளே, அந்த மூணு மாசத்துலதான் எங்க அம்ம செத்துப்போச்சு. ஜெயில்ல இருந்தேன், அதான் கொள்ளி வைக்க வரமுடியலைன்னு ஐம்பத்தாறு வருஷமா எல்லார்கிட்டயும் சொல்லிட்டிருந்தேன். இனி என்ன சொல்லட்டும்?"