கொண்டை போட்ட டாக்டர்

போன மழைக்காலத்தில் ஒரு நாள், சிறுசேரியில் வேலை முடிந்து மாமல்லபுரம் திரும்பும் ஷட்டில் வேனில், என் மானம் போவதை ஃபோனில் பார்த்துக்கொண்டே வந்தேன்.

விஷயம் இதுதான். பேர் மறந்துபோன பழைய வீடியோ கேம்களைக் கண்டுபிடிக்கும் இணையக் குழு ஒன்றில் நான் இருக்கிறேன். ஞாபகம் இருப்பதை எழுதிப் போட்டால் மற்றவர்கள் துப்பறிவார்கள். கிடைக்காவிட்டால் 'கற்பனை' என்று முத்திரை குத்தி மூடிவிடுவார்கள். யார் யாருடைய கேமையோ நான் கண்டுபிடித்துத் தந்திருக்கிறேன். என்னுடையது மட்டும் கிடைக்கவில்லை.

சின்ன வயதில் பஸ் ஸ்டாண்டு பக்கத்து பிரவுசிங் சென்டரில் விளையாடிய ஆபரேஷன் கேம் அது. அதில் டாக்டர் ஒரு பெண். எங்கள் குப்பத்தில் கத்தி பிடிக்காத பெண்ணே கிடையாது, ஆனால் மீன் வெட்டத்தான். கத்தி பிடித்து உயிரைக் காப்பாற்றிய பெண்ணை நான் முதலில் பார்த்தது அந்தத் திரையில்.

குழுவின் அட்மின், செங்கல்பட்டில் மொபைல் சர்வீஸ் கடை வைத்திருக்கும் அண்ணன். நான் சொன்ன அடையாளமெல்லாம் ஒரு கேமோடு பொருந்துகிறது, ஆனால் அதில் பெண்ணே இல்லை என்று எழுதியிருந்தார். விளையாடியவர்கள் அத்தனை பேரும் ஆமாம் போட்டார்கள். மேக்கப் கேமாக இருக்கும் என்றது ஒரு புத்திசாலி. பக்கத்து சீட்டுத் தோழி வேறு, "இன்னாடி, டாக்டரம்மா கனவுல வந்தாங்களா? வுட்டுத் தள்ளு" என்றாள்.

எப்படி விடுவது? சனிக்கிழமை திருக்கழுக்குன்றம் வழியாக பஸ் பிடித்து, நனைந்துகொண்டே அவர் கடையில் போய் நின்றேன். கேமைப் போடுங்கள் என்றேன்.

"இன்னாமா, இதுக்கா மழைல வந்துகினு கீற? நானே எத்தினி வாட்டி முட்சிகீறேன். டாக்டரோட ரெண்டு கைதான் தெரியும்."

டிஸ்க் சுற்றியது. கம்பெனி லோகோ வந்ததுமே அவர் விரல் பழக்கத்தில் ஸ்பேஸ் பட்டனுக்குப் போனது.

"கைய எடுங்கண்ணா!"

நான் போட்ட சத்தத்தில், ஸ்க்ரீன் கார்டு ஒட்ட வந்தவர் திரும்பிப் பார்த்தார்.

"இன்ட்ரோதாம்மா. யாரும் பாக்க மாட்டாங்க, தாண்டிப் போய்டுவோம்."

"நான் தாண்டல."

திரையில் ஒரு கண்ணாடி. அதன் முன்னால் ஒரு பெண். முடியைச் சுருட்டிக் கொண்டை போடுகிறாள், மோதிரத்தைக் கழற்றுகிறாள், கையுறை மாட்டுகிறாள். கதவு திறக்கிறது. அதற்கப்புறம்தான் அந்த இரண்டு கைகள்.

"அண்ணாத்த, அந்தம்மா தெனம் வந்து நின்னுகினு கீது, நீ தட்டித் தட்டித் தொரத்திகினு இருந்திருக்க!" என்று ஸ்க்ரீன் கார்டுகாரர் சிரித்தார். அண்ணனுக்கு முகம் தொங்கிவிட்டது. ஆனாலும் அங்கேயே குழுவில் பதிவு போட்டார்: கேம் கிடைத்தது, தொடக்கத்தில் ஒரு பெண் வருகிறார்.

"அந்தக் கை யாருதுண்ணா?" என்றேன்.

என்னை ஒரு பார்வை பார்த்தார். அழித்துவிட்டு, 'நாயகி: பெண் டாக்டர்' என்று மாற்றினார். அதன் பிறகுதான் நான் கடையை விட்டு இறங்கினேன்.

எங்கேயாவது, எதிலாவது, 'இதில் பெண்ணே கிடையாது' என்று எத்தனை பேர் கூடி அடித்துச் சொன்னாலும் இப்போது எனக்குச் சந்தேகம் என் மேல் வருவதில்லை, அவர்கள் எதைத் தாண்டிப் போனார்கள் என்பதில்தான் வருகிறது.