மூன்றாம் துறைக்கு ஆள் தேவை

அவளை எல்லோரும் மைக்கக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பத்தொன்பது வருஷம் பயணிகள் படகுத்துறையில் அறிவிப்புச் சொல்லும் வேலை பார்த்தவள். ஒரு கண்ணாடி அறை, ஒரு நாற்காலி, ஓடும்போது கடகடக்கும் ஒரு மின்விசிறி, எதிரே ஒரு மைக். "இரண்டாம் வாசலில் நிற்கும் படகு இன்னும் ஐந்து நிமிடங்களில் புறப்படும்" என்று அவள் சொன்னால், டீ குடித்துக்கொண்டிருப்பவன் பாதியில் வைத்துவிட்டு ஓடுவான். அப்படி ஓட வைப்பதில் அவளுக்கு உள்ளூர ஒரு குஷி. வீட்டில் அவள் பேச்சு எடுபடாது என்பது வேறு கதை. வெல்டர் வேலை பார்க்கும் புருஷன், "இங்க என்ன படகா கெளம்புது? மெதுவாப் பேசேன்" என்பார்.

பிறகு பதிவு செய்த குரல் ஒன்று வந்து அவள் நாற்காலியைப் பிடுங்கிக்கொண்டது. அந்தக் குரலுக்கு இருமல் வராது, லீவு வேண்டாம், பென்ஷனும் வேண்டாம். மூன்று மாதம் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டு வீட்டில் கிடந்தாள். பழைய துறைமுகத்தை நடந்து சுற்றிக் காட்டும் கம்பெனி ஒன்று ஆள் தேடுகிறது என்று கேள்விப்பட்டதும் போய் நின்றாள். நாலு வாக்கியம் பேசச் சொன்னார்கள். ரெண்டாவது வாக்கியத்திலேயே வேலை கிடைத்துவிட்டது.

அந்த வேலைக்கும் ஒரு மைக் உண்டு. சட்டைக் காலரில் குத்திக்கொள்ளும் சின்ன மைக். சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் கழுத்தில் ஆளுக்கொரு ரிசீவர், காதில் இயர்போன். தெருவில் லாரி போனாலும் அவள் குரல் காதுக்குள் தெளிவாக விழும். அவள் பேசுவது அவர்களுக்குக் கேட்கும், அவர்கள் பேசுவது அவளுக்கு வராது. ஐந்நூறு அடி தாண்டினால் அவள் பேசுவதும் கேட்காது. ஒரு நடைக்கு எட்டுப் பேர்தான். ஒவ்வொரு இடத்திலும் உள்ளே போகும்போதும் வெளியே வரும்போதும் தலையை எண்ண வேண்டும் என்பது கம்பெனி சட்டம். ஆறு வருஷத்தில் அவள் ஒரு தடவைகூட எண்ணாமல் விட்டதில்லை.

அன்று வந்த எட்டுப் பேரில் புதிதாகக் கல்யாணமான ஜோடி ஒன்று, பள்ளிக்கூட டீச்சர்கள் இரண்டு பேர், கேமராவோடு ஒரு இளைஞன், வெயிலே இல்லாவிட்டாலும் குடையை விரித்தே வைத்திருக்கும் ஒரு ரிட்டயர்டு பேங்க்காரர். மீதி இரண்டு பேர் அப்பாவும் மகளும். அப்பாவுக்கு எழுபத்தைந்து இருக்கும். தேய்த்த சட்டை, வழித்த முகம், எதைச் சொன்னாலும் மரியாதையாக ஒரு சிரிப்பு. மகள் அவர் முழங்கையை விடவே இல்லை. அப்பா மேல் உயிரையே வைத்திருக்கிறாள் போல என்று மைக்கக்கா நினைத்துக்கொண்டாள்.

சுங்கக் கட்டடம், கயிற்றுச் சந்து எல்லாம் முடிந்து பெரிய குடோனுக்கு வந்தார்கள். அதுதான் அவளுடைய மேடை. இரண்டாள் உயரத்தில் இரும்பு மாடம் ஒன்று உண்டு. அந்தக் காலத்தில் கப்பல் வந்ததும் அதில் ஏறி நின்று ஆள் கூப்பிடுவார்களாம். மைக்கக்காவும் ஏறினாள். பழைய படகுத்துறைக் குரலை அடிவயிற்றிலிருந்து எடுத்தாள்.

"மூன்றாம் துறைக்கு ஆள் தேவை. கப்பல் வந்துவிட்டது. மேஸ்திரிகள் உடனே துறைக்கு வரவும். மூன்றாம் துறை. உடனே வரவும்."

டீச்சர்கள் கை தட்டினார்கள். புதுப்பெண் புல்லரித்துப் போன கையைப் புருஷனிடம் காட்டினாள். பேங்க்காரரே குடையை மடக்கிவிட்டார். மைக்கக்காவுக்குத் தலைகால் புரியவில்லை. அந்தக் கூப்பாட்டின் கதை, அதற்குப் பின்னால் நடந்த வேலைநிறுத்தத்தின் கதை என்று பத்து நிமிஷம் வெளுத்து வாங்கினாள். கீழே இறங்கி எல்லோரையும் வாசலுக்கு அழைத்து வந்தபோது தலையை எண்ணவில்லை.

அப்பாவைப் பேங்க்காரர் பக்கத்தில் நிறுத்திவிட்டுப் பாத்ரூம் போயிருந்த மகள் ஈரக் கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள். கூட்டத்தை ஒரு தடவை பார்த்தாள். மறுபடியும் பார்த்தாள்.

"அக்கா, எங்கப்பா எங்க?"

"இங்கதானேம்மா..." என்று திரும்பியவள் தலைகளை எண்ணினாள். ஏழுதான் இருந்தது. குடோனுக்குள் ஓடிப் பார்த்தாள். தூண்களும் புறா எச்சமும்தான் இருந்தன.

"எங்கயாவது போட்டோ எடுத்துட்டு நிப்பாரு, பதறாத."

"உங்களுக்குத் தெரியாதுக்கா!" மகளின் குரல் கிறீச்சிட்டது. "அவருக்கு ஞாபகம் நிக்காது. நாலு வருஷமா இப்படித்தான். தனியா விட்டா எங்க போறோம்னே தெரியாது."

"ஃபாரத்துல உடம்புக்கு ஒண்ணுமில்லன்னு எழுதியிருந்தியே?"

"உண்மையச் சொன்னா சேத்துக்க மாட்டீங்க. எங்க கேட்டாலும் வேணாம்னுதான் சொல்றாங்க. முப்பத்தஞ்சு வருஷம் துறைமுகத்துல மேஸ்திரியா இருந்த மனுஷன். ஒரு தடவை கப்பலக் காட்டிரலாம்னு கூட்டிட்டு வந்தேன்."

மேஸ்திரி என்ற சொல் மைக்கக்காவின் காதில் விழுந்தது. அதற்குள் பேங்க்காரர் தயங்கித் தயங்கி வாயைத் திறந்தார்.

"நீங்க மேல நின்னு கூப்பிட்டீங்க பாருங்கம்மா, அப்போ அவர் சட்டைக் கைய மடிச்சு விட்டார். வர்றேன்னு என்கிட்ட தலையாட்டிட்டு அந்தப் பக்கம் போனார். ஏதோ விளையாட்டுக்குப் பண்றார்னு நானும் சிரிச்சேன்."

அந்தப் பக்கம் என்று அவர் காட்டியது குடோனின் பின்வாசல். அதைத் தாண்டினால் ஒரு சந்து, சந்து முடிந்தால் தகர வேலி, வேலிக்கு அப்பால் மூன்றாம் துறை. பதினோரு வருஷமாக மூடிக் கிடக்கும் மரப்பலகைத் துறை அது. பாதிப் பலகை உளுத்துவிட்டது. கீழே தண்ணீர் இறங்கும் நேரத்தில் கூரான பாறைகள் தலை நீட்டும். அது தண்ணீர் இறங்கும் நேரம்தான். தூண்டில் போடுகிறவர்கள் வேலியில் ஆள் நுழையும் அளவுக்கு ஓட்டை போட்டு வைத்திருந்தார்கள்.

மைக்கக்காவுக்கு அப்போதுதான் உறைத்தது. போவென்று அவரை அனுப்பியதே அவள் குரல்தான். கேமரா இளைஞனைத் துறைமுகக் காவலர்களிடம் விரட்டிவிட்டு, பின்வாசல் வழியாக ஓடினாள். மகளும் மற்றவர்களும் பின்னாலேயே ஓடி வந்தார்கள்.

ஓடிக்கொண்டே மைக்கைப் பிடித்தாள். "ஐயா, நில்லுங்க. எங்க இருக்கீங்களோ அங்கயே நில்லுங்க ஐயா."

பதில் எப்படி வரும்? இயர்போன் அவர் காதில் இருக்கிறதா, கழுத்தில் தொங்குகிறதா, எங்கேயாவது விழுந்து கிடக்கிறதா, யார் கண்டது? ஐந்நூறு அடிக்குள் இருக்கிறாரா என்பதுகூடத் தெரியாது. அவள் குரல் பின்னால் ஓடி வருகிறவர்கள் காதில்தான் ஒலித்தது.

"அப்படிச் சொன்னா நிக்க மாட்டாருக்கா," என்று மகள் மூச்சிரைக்கக் கத்தினாள். "அவர்தான் மத்தவங்கள நில்லுன்னு சொல்லுவார். அவருக்கு ஆபீஸ்லேர்ந்து தகவல் வரணும்!"

மைக்கக்கா சுவரைப் பிடித்துக்கொண்டு ஒரு கணம் நின்றாள். மூச்சு வாங்கியபடி அறிவித்தால் எவன் நம்புவான்? வாயை மூடி மூக்கால் இரண்டு தரம் இழுத்து விட்டாள். பிறகு குரலை எடுத்தாள்.

"மூன்றாம் துறை மேஸ்திரி கவனத்திற்கு. கப்பல் வரத் தாமதமாகும். ஆட்களை இறக்க வேண்டாம். மேஸ்திரி இருக்கும் இடத்திலேயே நிற்கவும்."

வேலி ஓட்டையில் நுழைந்து நிமிர்ந்தபோது அவர் தெரிந்தார். துறையின் நடுப்பகுதிக்கே போய்விட்டிருந்தார். அங்கே ஒரு கையைக் காதில் பொத்தி, தலையைச் சாய்த்து, அசையாமல் நின்றுகொண்டிருந்தார்.

"அப்பா!" என்று மகள் பாய்ந்தாள். மைக்கக்கா அவளை இடுப்போடு சேர்த்துப் பிடித்து இழுத்தாள். இரண்டு பேரும் மண்ணில் விழுந்தார்கள்.

"விடுக்கா! கைய விடு!"

"செத்துருவீங்க, ரெண்டு பேரும். அந்தப் பலகை ஒரு ஆளத் தாங்கினதே பெரிசு."

மகளின் கூச்சலோ, காற்றோ, எதுவோ அவரைக் கலைத்தது. காதிலிருந்து கையை எடுத்துவிட்டுக் கடலைப் பார்த்து மறுபடியும் ஓரடி வைத்தார். பலகை ஒன்று படாரென்று உடைந்து ஒரு கால் கணுக்கால் வரை உள்ளே போயிற்று. புதுப்பெண் புருஷன் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். அவர் மெதுவாகக் காலை உருவினார். செருப்பு கீழே போய்விட்டது. அடுத்த அடிக்குக் காலைத் தூக்கினார்.

மைக்கக்கா மறுபடியும் மைக்கைப் பிடித்தாள். பத்தொன்பது வருஷம் எழுதிக் கொடுத்ததைப் படித்தவள். இதற்கு யார் எழுதிக் கொடுப்பார்கள்? திரும்பி வாருங்கள் என்றால் ஏன் என்று நினைப்பார். ஆபத்து என்றால் தன் ஆட்களைக் காப்பாற்ற இன்னும் முன்னால் போவார். வேலையை விட்டு வரச் சொன்னால் அந்த மனுஷன் வர மாட்டார் என்று அவளுக்குத் தோன்றியது. வேலையாகவே சொல்லிப் பார்த்தாள்.

"மேஸ்திரி கவனத்திற்கு. மூன்றாம் துறையில் பலகை கெட்டுவிட்டதாகப் புகார் வந்திருக்கிறது. நிற்கும் இடத்திலிருந்து வாசல் வரை பலகைகளைச் சோதித்து, வாசலுக்கு வந்து தகவல் சொல்லவும்."

தூக்கிய கால் அப்படியே நின்றது. முதல் தடவையாக அவர் குனிந்து காலடியைப் பார்த்தார். அங்கே அவர் கண்டது அவருக்குப் பிடிக்கவில்லை, தலையை ஆட்டிக்கொண்டார். பக்கவாட்டில் நகர்ந்து, பலகைகளில் ஆணி அடித்திருந்த வரிசையைக் கண்டுபிடித்து அதன் மேல் கால் வைத்தார். அடியில் உத்தரம் ஓடும் இடம் அதுதான் என்று அவருக்குத்தான் தெரியும், கரையில் நின்ற யாருக்கும் தெரியாது. ஒரு பலகையைக் குதிகாலால் தட்டிப் பார்ப்பார், அடுத்ததற்கு வருவார். ஒரு இடத்தில் நின்று முழுசாக ஒரு நிமிஷம் யோசித்தார். அந்த ஒரு நிமிஷத்தில் மகள் மைக்கக்காவின் கையை நகம் பதியப் பிடித்திருந்தாள். கடைசிப் பலகையைத் தாண்டி மண்ணில் கால் வைத்ததும் மைக்கக்கா அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

மகள் ஓடிப்போய் அவரைக் கட்டிக்கொண்டாள். அவர் பதறிப்போய் அவள் கைகளை விலக்கினார்.

"யாரும்மா நீங்க? இங்கெல்லாம் வெளியாளுங்க வரக் கூடாது. பலகை பூரா போயிடுச்சு. ஆபீஸுக்குச் சொல்லணும், தள்ளுங்க."

"அப்பா, நான்தாம்ப்பா."

"தள்ளும்மா. அறிவிப்பு வருது." அவர் அவளைப் பார்க்கவில்லை. காதைப் பொத்திக்கொண்டு அடுத்த தகவலுக்குக் காத்திருந்தார்.

மகள் திரும்பி வந்து மைக்கக்கா முன்னால் கை நீட்டினாள். மைக்கக்கா காலரிலிருந்து மைக்கை எடுத்துக் கொடுத்தாள். மகள் அவருக்கு முதுகுப் பக்கம், இரண்டடி தூரத்தில் போய் நின்றாள். தொண்டையைச் செருமிக்கொண்டாள்.

"அப்பா. பாப்பா பேசறேன்."

அவர் முகம் மலர்ந்துவிட்டது. "பாப்பாவா?" என்று கடலைப் பார்த்துக் கேட்டார். "ஆபீஸுக்கு எப்படிம்மா வந்தே? யார் கூட வந்தே?"

"தனியாத்தாம்ப்பா வந்தேன். சாப்பிட்டீங்களா?"

"இன்னும் இல்லம்மா. நீ வீட்டுக்குப் போ. இங்க ஒரு பொண்ணு நிக்குது, பாவம், அழுதுக்கிட்டே நிக்குது. யாருன்னு கேட்டு அனுப்பிட்டு வந்துடறேன்."

மகளின் குரல் எல்லோர் காதிலும் ஒலித்துக்கொண்டிருந்தது. பேங்க்காரர் முதலில் இயர்போனைக் கழற்றினார். பிறகு டீச்சர்கள் கழற்றினார்கள், அந்த ஜோடியும் கழற்றியது. மைக்கக்கா எழுந்து போய் அவர்களிடமிருந்து ஒவ்வொன்றாக வாங்கிப் பையில் போட்டுக்கொண்டாள். அவர் காதில் இருந்ததை மட்டும் கேட்கவில்லை.