பிடுங்கிப் போட்ட பலாக்கன்று

நாங்கள் குடியிருந்த சரிவு மேல் எஸ்டேட்டுக்குச் சொந்தமா, கீழ் எஸ்டேட்டுக்குச் சொந்தமா என்ற வழக்கு நான் பிறப்பதற்கு முன்பே தொடங்கிவிட்டது. ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் என்பார்கள். எங்கள் சரிவில் கொண்டாடியவர்கள் வக்கீல்கள்தான். நாங்கள் காப்பிப் பழம் பறித்துக்கொண்டு அங்கேயே கிடந்தோம்.

எஸ்டேட் கூலிகளுக்கு வரிசையாகக் கட்டிவிட்ட லைன் வீட்டில் ஒரு சட்டம் உண்டு. வாசலில் கீரை போடலாம், அவரைக்கொடி ஏற்றலாம். மரம் மட்டும் வைக்கக் கூடாது. மரம் வைத்தவன் நாளைக்கு மண்ணும் என்னுடையது என்பானாம். எஸ்டேட் கணக்கு எழுதும் ரைட்டர் வந்து சொல்லும்வரை அம்மா காத்திருந்ததில்லை. தின்று எறிந்த பலாக்கொட்டை முளைத்து இரண்டு இலை விட்டதுமே பிடுங்கிப் போட்டுவிடுவாள். வாசல் கூட்டுவதுபோல அதுவும் அவளுக்கு ஒரு வேலை.

சில வருடங்களுக்கு முன், நெடுநாள் குடியிருப்பவர்கள் மட்டும் வழக்கு முடியும்வரை இருக்கலாம் என்று கோர்ட்டில் சொன்னார்கள். யார் நெடுநாள் இருப்பவர் என்று பார்க்கக் கோர்ட்டிலிருந்து ஒருவர் வந்தார். மேட்டுப் பக்கத்து மலை விவசாயிகள் தங்கள் பலாவையும் நாரத்தையையும் காட்டித் தப்பித்தார்கள். அதில் எனக்கு வருத்தமில்லை. எங்கள் ரேஷன் கார்டில் விலாசமாக இருந்ததோ எஸ்டேட்டின் பெயர்தான்; அது சாட்சிக்கு ஆகவில்லை.

"இத்தன வருசம் இருந்ததாச் சொல்றீங்க. வெச்ச மரம் ஒண்ணு காட்டுங்கம்மா" என்றார் கோர்ட்டுக்காரர்.

"வெக்கக் கூடாதுன்னாங்க, வெக்கலீங்க. மொளச்சதையெல்லாம் நானே புடுங்கிப் போட்டனுங்க" என்றாள் அம்மா.

ஒழுங்காக இருந்ததற்கு நல்ல பேர் கிடைக்கும் என்று நம்பித்தான் சொன்னாள். அவர் மரம் எதுவும் இல்லை என்று எழுதிக்கொண்டு போனார். மழைக்கு முன்பே எங்களைக் கிளப்பி, லைனை இடித்துவிட்டார்கள். வழக்கு இன்னும் முடியவில்லை. சரிவு முழுக்க உண்ணிச்செடி மண்டிக் கிடக்கிறது.

இப்போது மஞ்சக்குட்டை கிராமத்தில் வாடகைக்கு இருக்கிறோம். நான் பக்கத்தில் ஒண்டிக்கடை என்கிற ஊரில் ஒரு கடைக்கு வேலைக்குப் போகிறேன். அம்மா பேச்சைக் குறைத்துவிட்டாள். போன மழையில் குழாயடியில் ஒரு பலாக்கன்று முளைத்திருந்தது. அம்மா பழக்கத்தில் குனிந்து அதன் தண்டைப் பிடித்தாள். பிடித்த கை அப்படியே நின்றது.

"ஏங் கண்ணு, இத உட்டு வெச்சா, இந்த ஊட்ட உட்டு நம்மளப் போகச் சொல்ல மாட்டாங்கல்ல?"

இது வாடகை வீடு என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. "இருக்கட்டும்மா" என்றேன்.

தினமும் அரிசி கழுவிய தண்ணீரை அதற்குத்தான் ஊற்றுகிறாள். வீட்டுக்காரர் வரும் சத்தம் கேட்டால், காப்பிப் பழம் பறித்த பழைய கூடையை எடுத்து அதன் மேல் கவிழ்த்துவிடுகிறாள்.