அப்பாவின் சப்மரீன் சேர்விஸ்

ஆறாம் வகுப்புப் பேச்சுப் போட்டிக்கு நான் எடுத்துக்கொண்ட தலைப்பு, அணுசக்தியில் ஓடும் ஒரு தாக்குதல் நீர்மூழ்கிக் கப்பலின் சேவை வரலாறு. பெண்பிள்ளைக்கு உது என்னத்துக்கு என்று அம்மா கேட்டார். மற்றவர்கள் டொல்பினையும் பாண்டாவையும் பிடித்துக்கொண்டார்கள், இதை ஒருத்தரும் தொடமாட்டார்கள் என்பதுதான் என் கெட்டித்தனம். நாங்கள் வெளிநாடு வந்து குடியேறிய மோர்னிங்சைட்டில், வீட்டுக்குப் பக்கத்து நூலகத்தில் அதைப் பற்றி ஒரு தடித்த புத்தகம் இருந்தது. கப்பல் கடலில் இறங்கிய நாள், மேலே வராமல் மூன்று மாதம் நீருக்கடியில் ஓடியது, வடதுருவத்தில் பனிக்கட்டியை முதுகால் உடைத்துக்கொண்டு எழும்பியது, கடைசியில் அணு உலையைக் கழற்றிவிட்டு உடம்பைத் துண்டு துண்டாக வெட்டியது எல்லாம் எனக்குத் தண்ணீர்பட்ட பாடு.

பேச்சு நன்றாகத்தான் போனது. முடிகிற நேரம் பார்த்துக் கடைசி வரிசையில் ஒருத்தி கொட்டாவி விட்டாள். எனக்குப் பொறுக்கவில்லை. எழுதி வைக்காத ஒரு வசனத்தை அந்த இடத்திலேயே சேர்த்தேன். என் அப்பாவும் ஒன்பது வருடம் சப்மரீனில் வேலை செய்தவர் என்றேன். வகுப்பே நிமிர்ந்து உட்கார்ந்தது. ரீச்சர் எழுந்து நின்று கைதட்டினார்.

அது முழுப் பொய் இல்லை, அதுதான் அதிலுள்ள கேவலம். அப்பா பிளாசாவில் ஒரு சாப்பாட்டுக் கடையில் வேலை செய்தார். நீள ரொட்டிப் பாணைப் பிளந்து, உள்ளே இறைச்சியும் வெங்காயமும் இலைகுழையும் அடுக்கிக் கொடுப்பார்கள். அதற்குப் பெயர் சப்மரீன். எங்கே வேலை என்று எங்கள் ஆட்கள் கேட்டால் அப்பா, "சப்மரீன்ல" என்பார். அவர்களும் தலையாட்டிவிட்டுப் போவார்கள். நான் பத்து நிமிடம் கப்பலைப் பற்றிப் பேசிய பிறகு அதைச் சொன்னதால், வகுப்பில் ஒருவருக்கும் பாண் நினைவுக்கு வரவில்லை. வராது என்று தெரிந்துதான் சொன்னேன்.

நவம்பரில், போரில் இறந்த வீரர்களை நினைவுகூரும் நாள் வந்தது. உன் அப்பாவை விழாவில் பேச அழைத்திருக்கிறேன் என்று ரீச்சர் ஒரு கடிதம் தந்தார். மூன்று நாள் அது என் பையிலேயே கிடந்தது. நாலாம் நாள் பதில் எங்கே என்று அவர் கேட்கவே, வேறு வழியில்லாமல் அப்பாவிடம் நீட்டினேன். அப்பா விரலை வைத்து மெல்ல வாசித்தார். இரண்டு சொற்களில் விரல் நின்றது. முகம் மலர்ந்துவிட்டது.

"இஞ்சருமப்பா, பள்ளிக்கூடத்தில எங்கட சப்மரீன் சேர்விஸ் கேக்கினம்" என்று அம்மாவைக் கூப்பிட்டுச் சொன்னார். பிறகு என்னிடம், "எத்தினை பேர் பிள்ளை வருவினம்?" என்றார்.

உண்மையைச் சொல்ல அதைவிட நல்ல நேரம் வாய்த்திருக்காது.

"நாப்பது பேர் அப்பா" என்றேன்.

சாப்பாட்டுத் தட்டுகளை வாசலில் கொடுத்துவிட்டு அவர் வேலைக்கு ஓடிவிடுவார், பேச நேரம் இருக்காது என்று நான் நம்பினேன். கடையில் கேட்டு ஒழுங்கு செய்கிறேன் என்று அப்பா கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

விழா அன்று பள்ளி ஜிம்மில், முன்வரிசையில் பதக்கம் குத்திய இரண்டு கிழவர்கள் இருந்தார்கள். அவர்களுக்குப் பக்கத்துக் கதிரை என் அப்பாவுக்கு. நீர்மூழ்கியில் பணியாற்றிய ஒருவர் இப்போது பேசுவார் என்று ரீச்சர் அறிவித்தார். கதவு திறந்தது. கடைச் சீருடையும் தொப்பியுமாக, அந்த நாளுக்கென்று எல்லோரும் நெஞ்சில் குத்தும் சிவப்புப் பொப்பிப் பூவோடு, இரண்டு கையிலும் இரண்டு பெரிய தட்டுகளைத் தாங்கிக்கொண்டு அப்பா வந்தார். பின்னாலிருந்து யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லோரும் சிரித்தார்கள். ரீச்சர் தட்டுகளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

அப்பா தட்டுகளை மேசையில் வைத்துவிட்டுத் தொப்பியைக் கழற்றினார்.

"சொறி மிஸ். மை இங்கிலிஷ் பாட். ஐ சே சப்மரீன், டோட்டர் திங்க் ஷிப். மை மிஸ்டேக்."

பிறகு அந்தக் கிழவர்கள் இருவரையும் பார்த்துக் கைகூப்பினார். நீ உண்மையிலேயே கப்பல் என்றுதான் நினைத்தாயா என்று ரீச்சர் என்னிடம் குனிந்து கேட்டார். ஓம் என்று தலையாட்டினேன். அவர் என் தோளைத் தடவி, பாவம் என்றார். கிழவர்களில் ஒருவர் இரண்டு சப்மரீன் சாப்பிட்டார்.

காரில் வரும்போது எனக்கு அப்பாவின் மேல்தான் கோபம். நாலு பேருக்கு முன்னால் மானத்தை வாங்கிவிட்டாரே என்று இருந்தது. "நீங்கள் இங்கிலிஷ் கிளாசுக்குப் போனால் என்ன?" என்று கேட்டேன். "ஓம் பிள்ளை, போகத்தான் வேணும்" என்றார். இதை எழுதும்போதும் எனக்கு முகம் கூசுகிறது.

போன வருடம், ஒஷாவாவில் என் வீட்டுக்கு வந்திருந்த சிநேகிதிகளுக்கு இந்தக் கதையை, அப்பாவின் இங்கிலிஷை நடித்துக்காட்டி, பகிடியாகச் சொன்னேன். எல்லோரும் போன பிறகு அம்மா குசினியில் வைத்து, இனி அதைச் சொல்லாதே என்றார். விழாவுக்கு முதல் நாள் கடை முதலாளி கடிதத்தை வாசித்து, இவர்கள் கேட்பது சாப்பாடு இல்லை, கடற்படைக் கதை என்று அப்பாவுக்கு விளங்கப்படுத்திவிட்டாராம். சுகமில்லை என்று போன் பண்ணிவிட்டு வீட்டில் நில்லுங்கோ என்று அம்மா மன்றாடியிருக்கிறார். எல்லாம் தெரிந்துதான் அந்தத் தட்டுகள் வந்தன என்பது பதினொரு வயதில் எனக்குத் தெரியாது.

"நான் போகாட்டி பிள்ளை பொய்க்காரி எண்டு பேரெடுத்திடும்" என்றாராம் அப்பா. "சாப்பாட்டோட போனா என்னைத்தானே மடையன் எண்டுவினம்."