டிரா வேண்டாம் என்ற தையல்காரர்

எழுபதுகளின் கடைசியில் மயிலாப்பூர் மண்டபம் ஒன்றில், வெளிநாட்டு கிராண்ட்மாஸ்டர் ஒருவர் நின்றுகொண்டே எங்கள் முப்பது பேரோடும் ஒரே நேரத்தில் செஸ் ஆடினார். நான் சீக்கிரமே தோற்றேன். பக்கத்துப் பலகையில் ஒரு தையல்காரர், கழுத்தில் டேப்போடு கடையிலிருந்து அப்படியே வந்திருந்தார். யோசிக்கும்போதெல்லாம் டேப்பை விரலில் சுற்றிச் சுற்றி அவிழ்ப்பார்.

கடைசியில் அவர் ஆட்டம் மட்டுமே மிச்சம். கிராண்ட்மாஸ்டர் கை நீட்டி ஆங்கிலத்தில் ஏதோ சொன்னார்.

“டிரா தர்றார். சட்டுனு ஒத்துக்குங்க,” என்றேன்.

“டிரா வாங்கிக்கினு போயி நான் இன்னா சார் பண்றது? அவரு எப்டி ஜெயிக்கிறாருன்னு பாக்கத்தான் வந்தேன். ஆடச் சொல்லுங்க.”

சொன்னேன். கிராண்ட்மாஸ்டர் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு எதிரே உட்கார்ந்தார்.

தையல்காரர் தோற்றுத்தான் போனார். டிரா வாங்கிய இருவர் பெயர் மறுநாள் பேப்பரில் வந்தது. ஆனால் கிராண்ட்மாஸ்டர் உட்கார்ந்து ஆடியது இவரோடு மட்டும்தான்.